ஒரே டேக்கில் அழுத பெண்

தொண்ணூற்றைந்தாம் வருடம் தீபாவளிக்கு இரண்டு மாதம் இருக்கையில், கள்ளக்குறிச்சியில் அரங்கநாதனின் ஜவுளிக்கடைக்கு மேல்மாடி கட்டிக்கொண்டிருந்தார்கள். கருணாபுரத்து ராஜாம்பாள் அங்கே சித்தாள். கல் சுமந்து ஏறி இறங்கும் நேரமெல்லாம் ஐந்து வயது மகள் கண்ணகியை மணல் குவியலில் உட்கார வைத்திருப்பாள். அன்று கீழே கடைக்குள் விளம்பரப் பலகைக்குப் படம் எடுப்பதற்காக ஸ்டூடியோ தஸ்தகீர் விளக்குகளைப் போட்டுவிட்டுக் காத்துக் கிடந்தார். படத்துக்கு நிற்க வேண்டிய முதலாளியின் பேத்திக்குக் காலையில்தான் அம்மை போட்டிருந்தது.

பீடி பிடிக்க வெளியே வந்த தஸ்தகீர், மணலில் இருந்த குழந்தையைப் பார்த்தார். முகத்தில் பாதி கண்தான்.

"இது யாரு கொழந்த?"

"என்துதான் பாய்," என்று மேலேயிருந்து குரல் வந்தது.

"எறங்கி வந்து மூஞ்சியக் கழுவி வுடும்மா. ஒரு போட்டோ எடுக்கணும்."

குழாயடியில் முகம் கழுவி, கறுப்பு மறைகிற அளவுக்குப் பவுடர் அப்பி, ரோஸ் நிற கவுன் ஒன்றைப் போட்டுவிட்டார்கள். அடுக்கடுக்காக ஜாலர் வைத்த கவுன். கண்ணகி சொன்னபடி நின்றாள், சிரித்தாள், சுற்றினாள். படம் முடிந்ததும் கடைப்பெண் வந்து கவுனின் கொக்கியை அவிழ்க்கக் கை வைத்தாள். கழற்றினால்தான் மடித்து மறுபடி விற்க முடியும். கண்ணகி இரண்டு கையாலும் ஜாலரை நெஞ்சோடு இறுக்கிக்கொண்டு கத்தினாள். கடைப்பெண் விரல் விரலாகப் பிரித்தாள். பிலிம் சுருளில் கடைசியாக ஒன்று மிச்சம் இருந்தது. தஸ்தகீர் அதை அந்த அழுகைக்குச் செலவழித்தார்.

சிரித்த படங்கள் ஒன்றும் தேறவில்லை. 'அழாதே கண்ணு, உனக்குத்தான்!' என்று எழுதி, அழுகிற படத்தைப் பஸ் ஸ்டாண்டு எதிரே ஆள் உயரத்துக்கு மூன்று மடங்காக வைத்தார்கள். பஸ்ஸை விட்டு இறங்கியவர்கள் நின்று பார்த்துச் சிரித்தார்கள். வியாபாரம் நன்றாக ஆனது. அந்தக் கவுனையும் யாரோ வாங்கிப் போய்விட்டார்கள்.

கண்ணகியின் அப்பா வேடியப்பன் வெள்ளிமலைக்காரன். மலையிலிருந்து மரவள்ளிக் கிழங்கும் கடுக்காயும் ஏற்றி வரும் ஜீப்புகளில் லோடுமேன். மகளைத் தோளில் உட்கார வைத்துக்கொண்டு பலகையை அண்ணாந்து பார்த்தான்.

"எதுக்கு அழுவுற மாரி வெச்சிருக்காங்க?"

"அழுதாத்தான் அழகா கீறாளாம்," என்றாள் ராஜாம்பாள். "பாய் சொன்னாரு. அழுவுற கொழந்த ஆயிரத்துல ஒண்ணுதான் இப்பிடி இருக்குமாம்."

வேடியப்பன் மகளை இன்னொரு தோளுக்கு மாற்றிக்கொண்டான். அவன் எப்போதுமே இரண்டாவது வாக்கியம் பேசாத மனுஷன்.

ராஜாம்பாள் சித்தாள் வேலையை விட்டாள். உள்ளூர் கேபிளில் வந்த விளம்பரங்களுக்கெல்லாம் கண்ணகியைத் தூக்கிக்கொண்டு ஓடினாள். நகைக்கடை, அப்பளம், பல்பொடி. ஓர் இங்கிலீஷ் மீடியம் பள்ளிக்கூடத்துக்காக டை கட்டி, பை மாட்டி, 'வாருங்கள் படிக்கலாம்' என்று கண்ணகி கை ஆட்டினாள். அந்த வருடம் அவள் எந்தப் பள்ளிக்கூடத்திலும் சேர்ந்திருக்கவில்லை.

எட்டு வயதில் மெட்ராஸ். வளசரவாக்கத்தில் ஒரு பெரிய பங்களாவில் டிவி தொடர் எடுத்துக்கொண்டிருந்தார்கள். சித்தியிடம் அடிபடும் தாயில்லாப் பிள்ளை வேஷம். வாரத்துக்கு ஐந்து நாளும் அந்தப் பிள்ளை அழ வேண்டும். முதல் நாள் கிளிசரின் போட்டார்கள். கண் சிவந்து வீங்கி, அடுத்த நாள் திறக்கவே முடியவில்லை. டைரக்டர் எரிச்சலோடு ராஜாம்பாளைப் பார்த்தார்.

"நான் அழ வெக்கிறேன் சார்," என்றாள் அவள்.

முதலில் தொடையில் கிள்ளினாள். கிள்ளுக்கு வந்த அழுகையில் கோபம் தெரிந்தது. டைரக்டருக்கு அது பிடிக்கவில்லை. மூன்றாம் நாள், விளக்கெல்லாம் போட்ட பிறகு, ராஜாம்பாள் மகளின் காதோரம் குனிந்து சொன்னாள்: "கண்ணு, ஊருலேர்ந்து போன் வந்துச்சு. அப்பா செத்துட்டாரு."

அன்று கண்ணகி அழுததில் மூன்று சீன்கள் எடுத்தார்கள். விளக்குப் பிடித்தவர்கள்கூடக் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள். எல்லாம் முடிந்த பிறகு அம்மா தூக்கி வைத்து, "சும்மா சொன்னேன்டி, அப்பா நல்லாத்தான் கீறாரு," என்று ஐஸ்கிரீம் வாங்கித் தந்தாள். கண்ணகி நம்பாமல் ஏங்கி ஏங்கி அழுதாள். பக்கத்துத் தெரு டெலிபோன் பூத்துக்குப் போய், கருணாபுரத்துக் கடையொன்றுக்குப் போன் போட்டு, வேடியப்பன் குரலைக் கேட்க வைத்த பிறகுதான் ஓய்ந்தாள்.

அடுத்த வாரமும் அப்பா செத்தார். அதற்கடுத்த வாரமும். நான்காம் தடவை கண்ணகிக்குக் கண்ணீர் வர நேரமாயிற்று. "தீந்து போச்சுபோல இருக்கே," என்று டைரக்டர் சிரித்தார். அவருடைய உதவியாளர், விருத்தாசலத்துப் பக்கம் கொளஞ்சிநாதன் என்கிற இளைஞன், கூடச் சிரித்தான்.

தொண்ணூற்றொன்பது ஆடி மாதத்தில் ஒரு செவ்வாய்க்கிழமை. பகல் பதினோரு மணிக்கு பங்களா வாசலில் மேனேஜர் ராஜாம்பாளைத் தனியே கூப்பிட்டார். கண்ணகி தூரத்திலிருந்து பார்த்துக்கொண்டிருந்தாள். அம்மா சுவரில் சாய்ந்தாள். மேனேஜர் கையைக் கூப்பி ஏதோ கெஞ்சினார். டைரக்டரும் போய்ப் பேசினார். அன்றைய சீனை முடிக்காவிட்டால் வெள்ளிக்கிழமை ஒளிபரப்பு நின்றுவிடும் என்பது கண்ணகிக்குப் பல வருடம் கழித்துத்தான் தெரிந்தது. இந்த ஒரு சீன் மட்டும் முடித்துக் கொடுங்கள், காரிலேயே அனுப்பிவைக்கிறோம் என்றார்களாம். அம்மா தலையை ஆட்டியிருக்கிறாள்.

பிறகு அம்மா வந்தாள். காதோரம் குனியவில்லை. எதிரே மண்டியிட்டு இரண்டு தோளையும் பிடித்தாள். உதடு ஒரு பக்கமாக இழுத்துக்கொண்டிருந்தது.

"கண்ணு, அப்பா போயிட்டாருடி. மலையில ஜீப்பு கவுந்துடுச்சாம்."

இன்றைக்கு அம்மா நன்றாக நடிக்கிறாள் என்று நினைத்துக்கொண்டாள் கண்ணகி. ஜீப் கவிழ்ந்தது புதிதாகச் சேர்த்தது. போன வாரமெல்லாம் அப்பாவுக்கு வெறும் நெஞ்சுவலிதான்.

"சரிம்மா," என்றாள்.

"நெசமாடி."

"நீ போம்மா. எனக்கே அழ வரும்."

உண்மையில் அவளுக்கு அது வந்துவிட்டிருந்தது. சில நாளாகத் தனியே கண்ணாடி முன் பழகி வைத்திருந்தாள். மூச்சை அடிவயிற்றில் பிடித்து, கண்ணை இமைக்காமல் ஒரே இடத்தில் நிறுத்தினால் போதும். அம்மாவின் பொய் இல்லாமலேயே அழுதுகாட்ட வேண்டும் என்பது அவளுடைய ஆசை. அன்று காட்டினாள். இறந்துபோன தாயின் படத்துக்கு முன்னால் நின்று, 'என்னையும் கூட்டிப் போ' என்று சொல்லி, சரியாகச் சொல் முடிகிற இடத்தில் இரண்டு சொட்டு விழவைத்தாள். ஒரே டேக். எல்லாரும் கை தட்டினார்கள். அம்மா மட்டும் தரையில் உட்கார்ந்து வாயில் முந்தானையை அடைத்துக்கொண்டிருந்தாள்.

கார் கொடுத்தார்கள். காரில் போவது கண்ணகிக்குப் பெருமையாக இருந்தது. உளுந்தூர்பேட்டையில் பரோட்டா கேட்டாள். டிரைவர் திரும்பி ஒரு தரம் பார்த்துவிட்டு, இறங்கிப் போய் வாங்கி வந்தார். கருணாபுரத்தில் தெருமுனையிலேயே மேளம் கேட்டது.

வேடியப்பனை பெஞ்சில் கிடத்தியிருந்தார்கள். தலையைச் சுற்றித் துணி கட்டி, முகம் கொஞ்சமே தெரிந்தது. கண்ணகி கையில் பரோட்டாப் பொட்டலத்தோடு நின்றாள். அழுகை வரவில்லை. மூச்சை அடிவயிற்றில் பிடித்துப் பார்த்தாள். பிடித்த மாத்திரத்தில் அது நடிப்பு என்று அவளுக்கே தெரிந்துவிட்டது, பயந்துபோய் விட்டுவிட்டாள்.

"டிவியில அப்பிடி அழுவுறா. பெத்த அப்பனுக்கு ஒரு சொட்டு இல்ல பாரேன்," என்றாள் கூட்டத்தில் ஒருத்தி. "இன்னா பொண்ணுடி இது?" என்றாள் இன்னொருத்தி.

வெள்ளிமலையிலிருந்து வந்திருந்த வேடியப்பனின் தம்பி பிச்சைமுத்து எழுந்தான். "கொழந்தைக்கு இங்க வர்ற வரைக்கும் எதுவும் தெரியாது. பாத்தா தெரியல? வுடுங்க அவள," என்று சத்தம் போட்டு, கண்ணகியைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டான். ஒன்பது வயதுப் பெண்ணை, சுடுகாட்டுக்குப் புறப்படும்வரை இறக்கவில்லை.

பத்து வயதில் கண்ணகி திடீரென்று உயர்ந்தாள். ராஜாம்பாள் ராத்திரிச் சோற்றை நிறுத்திப் பார்த்தாள். வளர்ச்சி நிற்கவில்லை. ஒரு திங்கட்கிழமை மற்றவர்களைப் போல கண்ணகியும் டிவியில்தான் பார்த்தாள்: அவள் படத்தைக் காட்டி, 'இனி இவருக்குப் பதில் இவர்' என்று வேறொரு சிறுமியின் படத்தைக் காட்டினார்கள். ராஜாம்பாள் துடைப்பத்தை எடுத்து, "ஏன்டி வளந்த? ஏன்டி வளந்த?" என்று கேட்டுக்கேட்டு அடித்தாள்.

கருணாபுரத்துக்கே திரும்பினார்கள். பள்ளிக்கூடத்தில் தன்னைவிட மூன்று வயது சிறியவர்களோடு உட்கார்ந்தாள். "அழுது காட்டுடி" என்று சுற்றி நிற்பார்கள். அழுதுகாட்டினால்தான் விடுவார்கள். பதினாறு வயதில் படிப்பு நின்றது. அரங்கநாதனின் ஜவுளிக்கடையில் குழந்தைகள் பிரிவில் காலை ஒன்பதிலிருந்து ராத்திரி ஒன்பதுவரை நின்றாள். உட்காரக் கூடாது என்பது கடைச் சட்டம். தன் வேலை குழந்தைகளிடமிருந்து கவுனைப் பிடுங்குவதும்தான் என்று முதல் வாரத்திலேயே தெரிந்துகொண்டாள்.

இருபது வயதில் கொளஞ்சிநாதன் தேடி வந்தான். இப்போது அவனே டைரக்டர். கடை வாசலில் காரை நிறுத்தி, கூட வந்தவனிடம் கண்ணகியைக் காட்டினான்.

"நான் சொல்வேனே, அந்தப் பொண்ணு இதுதான். அப்பா அங்க பொணமா கெடக்குறாரு. தகவல் வந்துருச்சு. ஒம்பது வயசு. 'நீ போம்மா, நான் பாத்துக்குறேன்'னு சொல்லிட்டு ஷாட்ட முடிச்சுக் குடுத்துச்சு. தொழில் பக்தின்னா அதாண்டா."

அவன் கேலி செய்யவில்லை. மனதாரச் சொன்னான். பத்து வருடமாக ஸ்டூடியோ ஸ்டூடியோவாக இந்தக் கதையைச் சொல்லி வைத்திருந்தான். கண்ணகி வாயைத் திறந்தாள். மகளுக்குச் சாப்பாடு கொண்டுவந்திருந்த ராஜாம்பாள் பின்னாலிருந்து முதுகில் அழுத்தினாள். வாயை மூடிக்கொண்டாள்.

அந்தக் கதைதான் அவளுக்கு வாய்ப்புகளை வாங்கிக் கொடுத்தது. முதலில் வேலைக்காரி, அப்புறம் விதவை அண்ணி. ஒரு தொடரில் தன் பாத்திரம் முடிந்துவிட்டது என்பதை, காலையில் செட்டுக்குள் நுழைந்து சுவரில் தன் படத்துக்கு மாலை போட்டிருந்ததைப் பார்த்துத்தான் அறிந்தாள். யாரும் முன்கூட்டிச் சொல்லவில்லை. அடுத்த தொடரில் கொளஞ்சிநாதன் அவளையே கதாநாயகி ஆக்கினான். இரவு எட்டு மணி. தமிழ்நாட்டில் பாதி வீடுகளில் அவள் அழுதாள்.

தொடர் ஐந்நூறு எபிசோடைத் தாண்டியபோது சானலில் பேட்டி எடுத்தார்கள். அம்மாவையும் பக்கத்தில் உட்கார வைத்தார்கள். பேட்டி எடுத்த பெண் குரலைத் தாழ்த்தினாள்.

"அப்பா இறந்துட்டார்னு தெரிஞ்சும் அந்த சீன நடிச்சு முடிச்சீங்க. அந்த நிமிஷம் உங்க மனசுல என்ன ஓடுச்சு?"

கண்ணகி அம்மாவைப் பார்த்தாள். ராஜாம்பாள் கைக்குட்டையை ஏற்கெனவே கண்ணருகே கொண்டுபோயிருந்தாள். எனக்குத் தெரியாது என்று சொன்னால், ஏன் தெரியாது என்பார்கள். அம்மா சொன்னாள், நான் நம்பவில்லை என்றால், ஏன் நம்பவில்லை என்பார்கள்.

"தொழில்னு வந்துட்டா மத்ததெல்லாம் அப்புறம்தானே," என்றாள் கண்ணகி, மூச்சை அடிவயிற்றில் பிடித்தபடி.

மறு வருடம் திருவிழா எபிசோடுகளுக்காக யூனிட் வெள்ளிமலை ஏறியது. அப்பாவின் ஊருக்கு அவள் போவது அதுதான் முதல் தடவை. இரண்டாம் நாள், வேடிக்கை பார்க்கும் கூட்டத்தில் கயிற்றுக்கு அந்தப் பக்கம் பிச்சைமுத்து நின்றான். மீசை முழுக்க நரைத்திருந்தது. கண்ணகி ஓடிப்போய் கையைப் பிடித்து இழுத்துவந்து நாற்காலி போடச் சொன்னாள். அவன் உட்காரவில்லை. கொளஞ்சிநாதனும் சானல்காரர்கள் இருவரும் பக்கத்தில் இருந்தார்கள்.

"ஒண்ணு கேக்கணும் பாப்பா. டிவில சொன்னியே, எங்கண்ணன் செத்தது தெரிஞ்சுதான் நடிச்சேன்னு. நெசமா?"

கொளஞ்சிநாதன் பெருமையாக அவளைப் பார்த்தான். சானல்காரர்களும் பார்த்தார்கள்.

"ஆமா சித்தப்பா," என்றாள்.

"ஒனக்குத் தெரியாதுன்னு சொல்லி பதினெட்டு வருசமா எல்லார்கிட்டயும் சண்ட போட்டுக்கினு கீறேன்," என்றான் பிச்சைமுத்து. துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, வரகுக் கொல்லை வழியாக இறங்கிப் போனான்.

அன்றைய படப்பிடிப்பு முடிந்ததும் வேஷத்தைக் கலைக்காமல் அவன் வீட்டைக் கேட்டுக்கொண்டு போனாள். அவன் இல்லை. மனைவி ஆயம்மாள் சொம்பில் தண்ணீர் கொடுத்தாள். உள்ளே கூப்பிடவில்லை.

"சித்தி, எனக்கு அன்னிக்குத் தெரியாது. அம்மா எப்பவும் பொய்யி சொல்லும். அன்னிக்கும் பொய்யின்னு நெனச்சிட்டேன்."

"அத்தினி பேரு எதுர்ல ஒண்ணு சொல்ற. இங்க வந்து ஒண்ணு சொல்ற. நாங்க எதம்மா நம்புறது?"

கண்ணகிக்கு அழுகை வந்தது. மூச்சைப் பிடிக்கவில்லை, கண்ணை நிறுத்தவில்லை, அதுவாக வந்தது. மூக்கு ஒழுகி, வாய் கோணி, அசிங்கமாக, நின்ற இடத்திலேயே மடங்கி உட்கார்ந்து, "அப்பா அப்பா" என்று மண்ணை அடித்துக்கொண்டு அழுதாள். சத்தம் கேட்டு அக்கம்பக்கத்து வீடுகளிலிருந்து பெண்கள் வெளியே வந்தார்கள்.

"டிவில பாக்குற மாரியே கீது," என்றாள் ஒருத்தி, ஆச்சரியத்தோடு.

ஆயம்மாள் கீழே உருண்ட சொம்பை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள்.

மறுநாள் காலை கண்ணகியின் இமை வீங்கியிருந்தது. ஐஸ் வைத்து ஒற்றினார்கள். "அழுற சீன் நாளைக்குத்தானேம்மா, இன்னிக்கே எதுக்கு?" என்று கொளஞ்சிநாதன் கடிந்துகொண்டான். அரை மணி நேரம் தாமதமாகப் படப்பிடிப்பு தொடங்கியது.