எந்த விரல்?

சென்ற ஆண்டு துர்கா பூஜை முடிந்த வாரம். வங்காளத்துப் பெஹாலாவில் அண்ணன் வீடு. அண்ணன் கட்டிலில். அண்ணி அடுப்பருகே. நான் வாசற்படியில், செருப்பைக்கூடக் கழற்றாமல். பிறகு வந்தது பக்கத்து வீட்டு மருமகள்.

அண்ணன் வேன் ஓட்டியவர். விபத்தில் இடது காலை முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட்டார்கள். செயற்கைக் காலுக்கு அளவு கொடுக்க அழைத்துப்போக ஆட்டோவோடு வந்திருந்தேன்.

"இன்னிக்கு வேணாம்டா. விரலெல்லாம் மடங்கிப் பிடிச்சு இழுக்குது."

"எந்தக் கால்ல?"

"போன கால்லதான்."

எனக்குப் பொறுக்கவில்லை. அண்ணி வீடு வீடாகப் போய்ச் சமைக்கிறார். இவர் படுத்துக்கொண்டு கதை சொல்கிறார் என்று நினைத்தேன்.

"இல்லாத கால் எப்படிண்ணே வலிக்கும்? உக்காந்து திங்க நல்ல சாக்கு."

"தம்பி, போதும்" என்றார் அண்ணி. அண்ணன் போர்வையை இடுப்புவரை இழுத்துக்கொண்டார்.

அப்போதுதான் அந்தப் பெண் தேங்காய் உருண்டையோடு வந்தாள். பூஜை முடிந்தால் பெரியவர்கள் காலைத் தொட்டு வணங்குவது இங்கே வழக்கம். வெளியூரில் இருப்பவள், அண்ணனுக்குக் கால் போனது தெரியாது. குனிந்து போர்வைமேல் இரண்டு கையையும் வைத்தாள். ஒரு கை வலது காலில். மற்றது வெறும் மெத்தையில் அழுந்தியது.

"ஆஸ்தே, பௌமா!" மெதுவா, மருமகளே என்று அண்ணன் கத்திவிட்டார். இடது முழங்கால் தானாகவே பின்னுக்கு இழுத்துக்கொண்டது. முகம் வெளுத்துவிட்டது. நடிக்க அங்கே நேரமே இல்லை.

அவள் பதறிக் கையை எடுத்தாள். மெத்தையைப் பார்த்தாள். புரிந்துகொண்டாள். ஆனாலும் சித்தப்பா முறை வைத்து, வங்காள மொழியில் கேட்டாள்: "வலிக்குதா காகு? எந்த விரல்?"

"கட்டைவிரல்மா. உள்ள மடங்கிக் கிடக்கு."

இத்தனை மாதத்தில் நான் அதைக் கேட்டதில்லை. தெருவுக்குப் போய் நின்றுகொண்டேன். ஆட்டோவைத் திருப்பி அனுப்பினேன்.

பிறகு டாக்டரிடம் சொன்னோம். கால் போனாலும் மூளைக்கு அது இன்னும் இருக்கிறது, வலி நிஜம்தான் என்றார். இரண்டு காலுக்கும் நடுவே கண்ணாடியை நிறுத்தச் சொன்னார். அதில் வலது கால் இடது காலாகத் தெரியும். அதைப் பார்த்துக்கொண்டே வலது கால் விரலை விரித்தால், இல்லாத காலில் மடங்கிக் கிடக்கும் விரலும் விரிவதுபோல் இருக்குமாம். சிலருக்கு வலி குறையுமாம்.

கண்ணாடி பிடிப்பது என் வேலை. நான் அன்று சொன்னதை அண்ணன் இதுவரை எடுத்துப் பேசவில்லை. அதுதான் குத்துகிறது. ஒருவர் வலிக்கிறது என்றால், வலிக்க இடம் இருக்கிறதா என்று நான் இப்போது பார்ப்பதில்லை. எத்தனை விரல் விரிந்தது என்று மட்டும் கேட்கிறேன்.

இன்றைக்கு மூன்று.