உப்பாத கன்னம்

ஒத்தக்கடையில் டோனி பேண்ட் செட் என்றால் லாசரின் டிரம்பெட்தான். மாப்பிள்ளை அழைப்போ சப்பரப் பவனியோ, முதல் வரிசையில் வலது ஓரம் அவர் இடம். ஊதும்போது இரண்டு கன்னமும் பன் மாதிரி உப்பும். எங்கள் தெருப் பிள்ளைகள் எதிரே நின்று தங்கள் கன்னத்தையும் உப்பிக் காட்டுவார்கள். அவர் அதற்கெல்லாம் அசர மாட்டார். இன்னும் கொஞ்சம் உப்புவார்.

போன வருடம், ஒத்திகை முடிந்து மொபெட்டில் வீடு திரும்பும்போது, சந்திலிருந்து வேகமாக வந்த லோடு வேன் அவரை இடித்துத் தள்ளியது. தாடை உடைந்தது, மேல்வரிசை முன்பற்கள் போயின. தாடை கூடிவிட்டது, பல்செட்டும் வைத்தாயிற்று. ஆனால் டிரம்பெட்டை உதட்டில் அழுத்திப் பிடிக்க முன்பல்லின் தாங்கல் வேண்டும். வீட்டில் முதல் முறை ஊதிப் பார்த்தபோது பல்செட் கழன்று சாம்பார் கிண்ணத்தில் போய் விழுந்தது.

"பாட்டு வரல, பல்லு வந்திருச்சு" என்று மனைவி அற்புதமேரி சிரித்தார். பிறகு அடுப்படிக்குப் போனவர் கொஞ்ச நேரம் வெளியே வரவில்லை.

வேனின் இன்சூரன்ஸ் கம்பெனியிடம் இழப்பீடு கேட்டு வழக்குப் போட்டார்கள். மருத்துவக் குழு தந்த சான்றிதழில் ஊனம் கொஞ்சம்தான் என்றிருந்தது. நடக்கிறார், பேசுகிறார், சாப்பிடுகிறார் அல்லவா?

"மத்தவங்களுக்கு இது சின்னக் காயம். உங்களுக்குப் பொழப்பே போயிருச்சு. அதைத்தான் நாம நிரூபிக்கணும்" என்றார் வக்கீல் தமிழ்வாணி. "பேண்ட் செட் ஓனர் டோனியும் வந்து சாட்சி சொல்லட்டும்."

இதற்கிடையில் ஒன்று நடந்திருந்தது. பேண்ட் செட்டுகளில் ஒரு வழக்கம் உண்டு. பேசிய ஆளில் ஒன்று குறைந்தால், ஊதத் தெரியாத யாருக்காவது தொப்பியும் சட்டையும் மாட்டி, கருவியை வாயில் வைத்து நிறுத்திவிடுவார்கள். அந்த ஆளுக்குப் 'பொம்மை' என்று பெயர். வில்லாபுரத்தில் ஒரு கல்யாணத்தில் லாசர் பொம்மையாக நின்றார். அந்தக் கல்யாண வீடியோ எப்படியோ இன்சூரன்ஸ் கம்பெனி வக்கீல் கைக்குப் போய்விட்டது.

விசாரணை அன்று காலை, கோர்ட் வாசல் டீக்கடையில் டோனி லாசரின் கையைப் பிடித்துக்கொண்டான்.

"அண்ணே, பொம்மைன்னு மட்டும் சொல்லிராதீங்க. முகூர்த்த மாசம் வருது. ஊரு பூரா தெரிஞ்சா எவன் நம்மளக் கூப்பிடுவான்?"

"சொல்ல மாட்டேன் மாப்ள. நீ டீயைக் குடி."

"சொல்லாட்டி கேஸு தோத்துருமே!" என்றார் அற்புதமேரி. லாசர் டோனியின் டீக்கும் சேர்த்துக் காசு கொடுத்தார்.

கூண்டில் ஏறிய லாசரிடம் கம்பெனி வக்கீல் லேப்டாப்பில் வீடியோவைக் காட்டினார். "இதுல ஊதுறது யாரு?"

"அதுல நிக்கிறது நான்தான்யா." அதற்கு மேல் ஒரு வார்த்தை பேசவில்லை. தமிழ்வாணி நெற்றியைத் தேய்த்துக்கொண்டார்.

அடுத்து டோனி. அதே வீடியோ, அதே கேள்வி. டோனி வீடியோவைப் பார்த்தான். பின் பெஞ்சில் உட்கார்ந்து பல்செட்டை நாக்கால் சரிசெய்துகொண்டிருந்த லாசரைப் பார்த்தான்.

"அவரு ஊதலைய்யா. பொம்மையா நின்னாரு. பன்னெண்டுக்கு ஒரு ஆளு பத்தலைன்னு நான்தான் நிறுத்தினேன்."

நீதிபதி நிமிர்ந்தார். "கல்யாண வீட்டுல பன்னெண்டு பேருக்குப் பேசிட்டா?"

"பன்னெண்டு ஆளுன்னுதான் பேசினேன்யா. பன்னெண்டு பேரும் ஊதுவாங்கன்னு பேசல."

கோர்ட்டே சிரித்தது. நீதிபதி மேசையைத் தட்டினார். சிரிப்பை அடக்கியதில் அவர் உதடும் துடித்தது.

"ஊதலைன்னு எப்படி நம்புறது?" என்றார் கம்பெனி வக்கீல்.

"கன்னத்தைப் பாருங்கய்யா."

லேப்டாப்பை நீதிபதி பக்கம் திருப்பினார்கள். டிரம்பெட் பிடித்த மற்றவர்கள் முகமெல்லாம் சிவந்து, கன்னம் வெடிக்கிற மாதிரி உப்பியிருந்தது. வலது ஓரத்தில் லாசரின் முகம் மட்டும் ஆதார் அட்டைக்குப் படம் எடுக்க உட்கார்ந்தது போல இருந்தது. பாட்டு உச்சத்துக்குப் போன இடத்தில், டிரம்பெட்டை லேசாக விலக்கி, நிதானமாக ஒரு கொட்டாவி விட்டார்.

"இன்னொரு தடவை போடுங்க" என்றார் நீதிபதி. அது விசாரணைக்காகவா சிரிப்புக்காகவா என்று யாருக்கும் தெரியவில்லை. கம்பெனி வக்கீல் "வேறு கேள்வி இல்லை" என்று உட்கார்ந்தார்.

வெளியே வந்ததும் கோர்ட் கிளார்க் பேச்சிமுத்து டோனியை மடக்கினார். "ஏம்ப்பா, எங்க மூத்த பொண்ணு கல்யாணத்துல எத்தனை பொம்மை?"

"ஒண்ணே ஒண்ணுதான் சார். ஆனா நல்லா நின்னான்."

ஊனம் சிறிதானாலும் டிரம்பெட் வாசிப்பவரின் தொழில் முழுவதுமாகப் போய்விட்டது என்று தீர்ப்பு வந்தது. கம்பெனி மேல்முறையீட்டுக்குப் போகவில்லை. அற்புதமேரி தெரு முழுக்கக் கேசரி கொடுத்தார். வந்த பணத்தில் லாசர் முதலில் வாங்கியது ஒரு பெரிய டிரம். அடிக்கப் பல் வேண்டாமே.

டோனி பயந்த மாதிரி யாரும் கூப்பிடாமல் இல்லை. பேச்சிமுத்துவே இளைய மகள் கல்யாணத்துக்குத் திருமங்கலத்துக்குக் கூப்பிட்டார். ஒரே நிபந்தனை: எல்லாரும் ஊத வேண்டும். ஊர்வலம் கிளம்பியதும் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, வரிசையில் ஒவ்வொரு கன்னமாகப் பார்த்துக்கொண்டே வந்தார். டிரம் அடித்துக்கொண்டிருந்த லாசரிடம் வந்ததும் நின்றுவிட்டார்.

"அண்ணே, நீங்க ஏன் உப்புறீங்க?"

லாசர் பல்செட் தெரியச் சிரித்தார். "பழக்கம் சார், விட மாட்டேங்குது" என்று சொல்லிவிட்டு, மறுபடியும் கன்னத்தை உப்பிக்கொண்டு ஓங்கி அடித்தார்.