யூனிஸ் வான்கோழியை விரித்த கிறிஸ்துமஸ்

பாளையங்கோட்டை பெருமாள்புரத்தில், ஓய்வுபெற்ற தலைமையாசிரியர் தானியேல் வீட்டில், கிறிஸ்துமஸ் மதியச் சாப்பாட்டுக்கு வான்கோழி கட்டாயம். அதுவும் துண்டு போடாமல் முழுசாகச் சுட்டு, மேசை நடுவில் கொண்டு வைக்க வேண்டும். வைக்கிறவள் அவருடைய தங்கை யூனிஸ். முழுப் பறவை ஓவனில் வேக ஒரு காலைப்பொழுது முழுக்க ஆகிவிடும். வீட்டார் ஒன்பது மணி ஆராதனைக்குக் கோயிலுக்குப் போய்த் திரும்பும்வரை அவள் அடுப்படியில் நிற்பாள். நெஞ்சுக்கறி காய்ந்துபோகும், தொடை வேகாமல் கிடக்கும். சாப்பிடும்போது யாராவது அதைச் சொல்லவும் செய்வார்கள்.

யூனிஸுக்கு ஐம்பத்திரண்டு வயது. ஆசிரியர் பயிற்சி முடித்த வருஷம் அம்மா படுக்கையில் விழுந்தாள். கூட இருக்க ஆள் வேண்டும் என்று வேலைக்குப் போகவில்லை. அம்மா போனபிறகு, அண்ணன் மனைவி ஜெசி டீச்சர் வேலைக்குப் போக வேண்டியிருந்ததால் அவர்கள் குழந்தை ஹெப்ரானை வளர்க்க ஆள் வேண்டியிருந்தது. இடையில் இரண்டு மூன்று வரன்கள் வந்தன. இப்போது வேண்டாம், பிறகு பார்க்கலாம் என்றார் அண்ணன். அந்தப் பிறகு வரவேயில்லை. அவளை யாரும் ஒரு கடுஞ்சொல் சொன்னதில்லை. "யூனிஸ் இல்லாட்டா இந்த வீடு ஓடாது" என்று வருகிறவர்களிடமெல்லாம் அண்ணன் பெருமையாகச் சொல்வார்.  பெருமைப்படுத்துகிறவரிடம் கோபப்படவும் முடியாது.

ஒரு காலத்தில் அவள் கோயில் பாடகர் குழுவில் ஆல்டோ, அதாவது பெண்களின் கீழ்க்குரல், பாடியவள். இந்த டிசம்பரில் கடைத்தெருவில் பார்த்த ஐயரம்மா, அதாவது சபை குருவானவரின் மனைவி, கையைப் பிடித்துக்கொண்டாள். "ஆல்டோவுக்கு ரெண்டே பேருதான் நிக்காங்க யூனிஸ். பழைய பாட்டுதான், உனக்குத் தெரியாததா? கிறிஸ்துமஸுக்கு வந்து நில்லேன்."

வருகிறேன் என்று யூனிஸ் சொல்லிவிட்டாள். சொன்னபிறகுதான் வான்கோழி ஞாபகம் வந்தது.

வழி அவளுக்குப் போனில் பார்த்த ஒரு வீடியோவில் கிடைத்தது. எந்த ஊர்க்காரரோ ஒருவர் வான்கோழியின் முதுகெலும்பை வெட்டியெடுத்து, புத்தகத்தை விரிக்கிற மாதிரி விரித்துத் தட்டில் பரத்தி வேகவைத்தார். பாதி நேரம்கூட ஆகவில்லை. யூனிஸ் மனசுக்குள் கணக்குப் போட்டாள். ஆராதனை முடிந்து வந்து ஓவனில் வைத்தாலும் ஒரு மணிச் சாப்பாட்டுக்குத் தயாராகிவிடும்.

ஹெப்ரான் தச்சநல்லூரில் வான்கோழி வளர்க்கும் கொம்பையாவிடமிருந்து நாலு கிலோவில் ஒரு பெட்டையை இறகு பிடுங்கிச் சுத்தம் செய்து வாங்கி வந்தான். கங்கைகொண்டானில் அவன் வேலை பார்க்கும் கம்பெனியின் மேனேஜர் இந்த வருஷம் விருந்துக்கு வருகிறார்.

முந்தின நாள் மத்தியானம் யூனிஸ் பறவையைப் பலகையில் குப்புறப் போட்டாள். கத்தரிக்கோல் எலும்பில் ஏறவில்லை. கறி வெட்டும் கத்தியை எடுத்து, வாலடியிலிருந்து கழுத்துவரை முதுகெலும்பின் இரண்டு பக்கமும் வெட்டினாள். விலாவெலும்புகள் ஒவ்வொன்றாக முறிந்தன. உருவியெடுத்த முதுகெலும்பைச் சாற்றுக்கென்று சட்டியில் போட்டாள். பிறகு பறவையைத் திருப்பி, நெஞ்சின் மேல் இரண்டு உள்ளங்கையையும் வைத்து உடம்புப் பாரத்தையெல்லாம் கொடுத்து அழுத்தினாள். முதல் தரம் மசியவில்லை. இரண்டாம் தரம் நடுவெலும்பு மளுக்கென்று விட்டுக்கொடுத்தது.

சத்தம் கேட்டு ஜெசி எட்டிப் பார்த்தாள். "என்னத்தச் செய்யுத யூனிஸ்? தவளை மாதிரில்லா கிடக்கு."

"இப்படிப் போட்டா சீக்கிரம் வெந்திரும் மதினி. நாளைக்கு நானும் கோயிலுக்கு வாறேன். பாட்டுக்கு நிக்கணும்."

ஜெசி அவளையும் பறவையையும் மாறி மாறிப் பார்த்தாள். "அண்ணன்ட்ட சொல்லிட்டியா?"

"சொல்லுதேன்."

தோலுக்கும் சதைக்கும் நடுவே விரலைவிட்டு இளக்கி, வெண்ணெயில் குழைத்த இஞ்சி, பூண்டு, நல்லமிளகு விழுதைத் தடவினாள். வெளியே உப்பும் எலுமிச்சைச் சாறும். தட்டோடு குளிர்சாதனப் பெட்டியில் வைத்துக் கதவை மூடும்போது, தன்னையறியாமல் ஆல்டோ வரியை முனகிக்கொண்டிருந்தாள்.

காப்பி கொடுக்கும்போது அண்ணனிடம் சொன்னாள். அவர் பேப்பரை மடக்காமலே "ம்" என்றார். அந்த ஒற்றை எழுத்தைச் சம்மதம் என்று எடுத்துக்கொண்டாள்.

கிறிஸ்துமஸ் காலையில் வெள்ளைப் பட்டுச்சேலை கட்டி, பைபிளும் பாட்டுப்புத்தகமுமாக முன்னறைக்கு வந்தாள். ஹெப்ரான் மேனேஜரைக் கூட்டிவர ஏற்கெனவே பைக்கில் கிளம்பிவிட்டான். தானியேல் கார் சாவியோடு நின்றார்.

"நீ எங்க கிளம்பிட்ட?"

"நேத்தே சொன்னம்லா அண்ணே. வந்துதான் ஓவன்ல வைக்கணும். நேரம் இருக்கு."

"எல்லாரும் போனா வீட்ட யாரு பாக்க? பின் தெருவுல போன வாரம் பூட்ட உடைச்சிருக்கான். திருநாள் அன்னைக்குத்தான் களவாணிப்பய நோட்டம் பாப்பான்." அவர் குரலில் கொஞ்சமும் கடுமை இல்லை. "நேரம் இருந்தா நல்லதுதான. பைய வேலையப் பாரு. மேனேஜர் வாறாரு, ரசமும் ஒண்ணு வச்சிரு."

யூனிஸ் ஜெசியைப் பார்த்தாள். ஜெசி சேலை மடிப்பைச் சரிசெய்தாள்.

"ஐயரம்மாட்ட வாறேன்னு சொல்லிட்டேன் அண்ணே."

"நான் சொல்லிக்கிடுதேன்."

தனியாக இருக்கிறாளே, பத்திரமாக இருக்கட்டும் என்று அவர் கேட்டை வெளியே பூட்டிச் சாவியைப் பையில் போட்டுக்கொண்டார். எப்போதும் பூட்டுவதுதான். இத்தனை வருஷமும் கிரைண்டர் சத்தத்தில் அவள் அதைக் கவனித்ததில்லை. இன்று அந்தப் பூட்டு சங்கிலியில் மோதி நின்ற சத்தம்கூடக் கேட்டது.

முன்னறையிலேயே உட்கார்ந்தாள். இத்தனை நாளும் வான்கோழிதான் தன்னைப் பிடித்துவைத்திருக்கிறது என்று நம்பியிருந்தாள். அதை முறித்தாகிவிட்டது. அப்படியும் உள்ளேதான் இருக்கிறாள். கறியை அப்படியே பச்சையாக விட்டுவிட்டால் என்ன என்று ஒரு நினைப்பு வந்தது. ஒரு மணிக்கு வெறும் மேசையும், மேனேஜரின் முகமும், அண்ணனின் முகமும். அதை நினைத்துக் கொஞ்ச நேரம் ருசித்தாள். பிறகு எழுந்து பட்டுச்சேலையை மாற்றிவிட்டு ஓவனைச் சூடேற்றினாள். கைகள் அவளைக் கேட்காமலே வேலை செய்தன.

வெங்காயமும் உருளைக்கிழங்கும் பரத்திய தட்டில் பறவை கால்களை அகட்டிக் கிடந்தது. ஒன்றேகால் மணி நேரத்தில் தொடையில் கம்பியால் குத்தினாள். தெளிந்த சாறு வடிந்தது. நெஞ்சுக்கறி பஞ்சாக இருந்தது. தோல் எல்லா இடத்திலும் ஒன்றுபோலச் சிவந்து மொறுமொறுத்திருந்தது. அவள் சுட்டதிலேயே அதுதான் நல்ல வான்கோழி.

சாப்பாட்டுக்கு ஐயரும் ஐயரம்மாவும்கூட வந்திருந்தார்கள். மேனேஜர் இரண்டாம் தரம் கேட்டு வாங்கினார். "நாங்க இப்போ இப்படி விரிச்சுத்தான் போடுதோம்" என்றார் தானியேல்.

ஐயரம்மா தட்டிலிருந்து தலையைத் தூக்கினாள். "நீ வருவேன்னு கடைசி வரைக்கும் பாத்துக்கிட்டே நின்னோமே யூனிஸ்."

"அவளுக்கு அடுப்படிய விட்டு வர மனசே வராது" என்று தானியேல் சிரித்தார்.

ரசம் கொண்டுவந்த யூனிஸ் கிண்ணத்தை மேசையில் வைத்தாள். "அப்படி இல்ல அண்ணே. நான் சேலை கட்டிக் கிளம்பி நின்னேன். நீங்க என்னைய உள்ள வச்சுக் கேட்டப் பூட்டிட்டுப் போனிய."

அவள் சத்தமாகச் சொல்லவில்லை. ஆனால் எல்லாருக்கும் கேட்டது. ஹெப்ரான் தலையைக் குனிந்துகொண்டான். ஐயர் தண்ணீர் கேட்டார். யூனிஸ்தான் ஊற்றினாள்.

புது வருஷம் பிறக்கும்வரை தானியேல் அவளோடு பேசவில்லை. சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவைப்பதே பேச்சு. ஜெசி ஒருநாள் அரிசி களைந்துகொண்டே, "வெளி ஆள் முன்னால சொல்லியிருக்க வேண்டாம்" என்றாள். கொஞ்சம் கழித்து, "ஆனா சொல்லாட்டா அவருக்கு உறைச்சிருக்காது" என்றும் சொன்னாள்.

கடைசியில் ஐயர் வந்து அண்ணனிடம் பேசிவிட்டுப் போனார். மாதத்தின் முதல் ஞாயிறு மட்டும் யூனிஸ் பாட்டுக்குப் போகலாம் என்று முடிவாயிற்று. அதை யார் முடிவு செய்தார்கள் என்று அவள் கேட்கவில்லை. அந்த ஞாயிறு, அண்ணனும் மதினியும் முதல் ஆராதனைக்குப் போய் வந்தபிறகு, ஆட்டோவில் போனாள். ஆல்டோ வரிசையில் ஓரமாக நின்றாள். மேல் ஸ்தாயியில் குரல் கொஞ்சம் உடைந்தது. பக்கத்தில் நின்றவள் புத்தகத்தை அவள் பக்கம் சாய்த்துப் பிடித்தாள்.

பிரசங்கம் தொடங்கும் முன் பைக்குள் போன் அதிர்ந்தது. வெளியே போய் எடுத்தாள். பாயசத்துக்கு வெல்லம் எங்கே இருக்கிறது என்று ஜெசி கேட்டாள். சொன்னாள். எப்போது வருவாய் என்று அண்ணன் கேட்பதாகவும் ஜெசி சொன்னாள்.

"முடிஞ்சதும் வாறேன்" என்று யூனிஸ் போனை வைத்தாள். மீதி ஆராதனை முழுக்க மணியைப் பார்த்துக்கொண்டே நின்றாள். ஆனாலும் கடைசிப் பாட்டைப் பாடிவிட்டுத்தான் ஆட்டோ பிடித்தாள்.