பன்னிரண்டில் ஏழு

தீவிரவாதத்தை முளையிலேயே கண்டுகொள்வது எப்படி என்று ஆசிரியர்களுக்குச் சொல்லித்தரும் பயிற்சி, சி ரூசா கடற்கரைச் சாலையில் ஒரு ஹோட்டலில் இரண்டு நாள் நடந்தது. எங்கள் தமிழ்ப்பள்ளியிலிருந்து ஒருவர் போயாக வேண்டும். தலைமையாசிரியர் வந்து கேட்டபோது ஆசிரியர் அறையில் எல்லோருக்கும் ஒரு காரணம் இருந்தது. எனக்கும் இருந்தது, பத்து மாதக் குழந்தை. நான் வாயைத் திறப்பதற்குள் அவர், "டீச்சர், நீங்கதான் இங்கிலீஷ் நல்லா பேசுவீங்க," என்றார். தலையாட்டிவிட்டேன். யாராவது பாராட்டிவிட்டால் அதற்குப் பிறகு எனக்கு மறுக்க வராது.

என் கணவருக்கு ஜொகூரில் தொழிற்சாலை வேலை. மாதத்தில் இரண்டு வார இறுதிகளில் மட்டும் வருவார். ரந்தாவுக்கு வெளியே, பழைய ரப்பர்த் தோட்டத்தை வெட்டிக் கட்டிய தாமான் குடியிருப்பில் நானும் மகளும்தான். வீட்டுக்குப் பின்னால் செம்பனை. முன்னால் ஒரே மாதிரியான வீடுகள், பூட்டிய கிரில் கதவுகள். பள்ளி நேரத்தில் மகளைப் பார்த்துக்கொண்டவள் பக்கத்து வீட்டு அக்கா. தமிழ்நாட்டில் கடலோரத்து முஸ்லிம் குடும்பத்திலிருந்து கல்யாணமாகி வந்து நான்கு வருடம் ஆகியிருந்தது. இங்கே தங்குவதற்கான பாஸை ஆண்டுதோறும் கணவர் பெயரில் புதுப்பிக்க வேண்டும். அவர் ரந்தாவில் ஓர் உணவகத்தில் தேநீர் போடுகிறவர். நான் அவரை அண்ணன் என்றுதான் கூப்பிடுவேன். எனக்கு வலி எடுத்த அன்று சிரம்பான் மருத்துவமனைக்குக் காரோட்டியவர் அவர்தான். என் கணவர் வந்து சேர்ந்தபோது மகள் பிறந்து நான்கு மணி நேரம் ஆகியிருந்தது.

பயிற்சி மேடையில் இரண்டு நாட்டுக் கொடிகள் இருந்தன. செலவு முழுவதும் இன்னொரு நாட்டு அரசாங்கத்துடையது. பாடம் நடத்தியவர் அங்கிருந்து வந்த ஓய்வுபெற்ற ராணுவ அதிகாரி. மென்மையாகப் பேசினார். எங்கள் மாதிரி நாடுகளுக்குத் தங்கள் அரசாங்கம் கேமரா, ரேடியோ, வண்டி எல்லாம் கொடுத்திருக்கிறது, ஆனால் ஓர் ஆசிரியையின் கண்ணுக்கு எந்தக் கருவியும் ஈடாகாது என்றார். எனக்குப் பெருமையாகத்தான் இருந்தது, அதை மறைக்கப்போவதில்லை. அவர் காட்டிய படங்களில் மணல்வெளியும் ஒட்டகங்களும் தகரக் கூரைச் சந்தையும் வந்தன. இதே பாடத்தை வேறு நான்கு நாடுகளில் நடத்தியிருக்கிறாராம். படங்களை மாற்ற நேரம் கிடைக்கவில்லை என்று மன்னிப்பும் கேட்டுக்கொண்டார்.

இரண்டாம் நாள் காலையில் எனக்கு மார்பில் பால் கட்டிக்கொண்டது. ஹோட்டல் கழிப்பறையில் உட்கார்ந்து பாலைப் பம்ப்பில் எடுத்துவிட்டு வர இருபது நிமிடம் ஆயிற்று. திரும்பி வந்தபோது எல்லோரும் குனிந்து எழுதிக்கொண்டிருந்தார்கள். என் நாற்காலியில் ஒரு தாள் இருந்தது. மேலே என் பெயரும் பள்ளியின் பெயரும் எழுத இடம். கீழே பன்னிரண்டு அறிகுறிகள், பக்கத்தில் சரி போடக் கட்டங்கள். "தெரிஞ்ச ஒருத்தர மனசுல வெச்சுப் போடணுமாம்," என்றார் பக்கத்திலிருந்த ஆசிரியர்.

படித்துக்கொண்டே போனேன். திடீரென்று தாடி வைத்தல். உடையில் மாற்றம். பழைய நண்பர்களைக் குறைத்துக்கொள்ளுதல். பொழுதுபோக்குகளை விடுதல். சரியான காரணம் சொல்லாமல் வாரக்கணக்கில் காணாமல் போதல். வெளிநாட்டுத் தொடர்புகள். வீட்டில் புதிய ஆட்கள் தங்கிப்போதல்.

அண்ணன் முந்தைய ஆண்டு ஜமாஅத்தோடு நாற்பது நாள் போயிருந்தார். ஊர் ஊராகப் பள்ளிவாசல்களில் தங்கித் தொழுதுவிட்டு வரும் வழக்கம் அது. எங்கள் பக்கத்தில் தெரியாதவர் கிடையாது. போனபோது போனை அணைத்துவிட்டார். தாடியும் நீள ஜுப்பாவுமாக வந்தார். சிகரெட்டையும் சிகரெட் கூட்டாளிகளையும் விட்டார், தொலைக்காட்சி வேண்டாம் என்று எங்கள் வீட்டுக்குத் தூக்கிக்கொண்டு வந்து கொடுத்தார். அக்காவின் ஊர்க்காரர்கள் வந்தால் அவர்கள் வீட்டில்தான் தங்குவார்கள். எண்ணிப் பார்த்தேன். பன்னிரண்டில் ஏழு பொருந்தியது.

இது எவ்வளவு தப்பான பட்டியல் என்று காட்ட இதைவிட நல்ல உதாரணம் கிடைக்காது என்று தோன்றியது. ஏழு கட்டங்களிலும் சரி போட்டேன். கீழே கோடிட்ட இடத்தில் "என் பக்கத்து வீட்டுக்காரர், உணவகத்தில் வேலை செய்பவர்" என்று தொடங்கி, நாற்பது நாள், அணைத்த போன், கொடுத்துவிட்ட தொலைக்காட்சி எல்லாவற்றையும் நல்ல ஆங்கிலத்தில் எழுதினேன். கலந்துரையாடலில் எழுந்து, "ஐயா, உங்கள் பட்டியல்படி இவர் பயங்கரமானவர். எனக்குத் தெரிந்தவர்களில் இவரைவிட நல்ல மனிதர் இல்லை," என்று சொல்ல வேண்டும். வாக்கியத்தை மூன்று முறை மனத்துக்குள் சொல்லிப் பார்த்தேன்.

கையைத் தூக்கினேன். பாதிதான் தூக்கினேன் என்று இப்போது தோன்றுகிறது. முன்வரிசையில் மூன்று பேர் பேசினார்கள். பிறகு சாப்பாட்டு நேரம் வந்துவிட்டது. ஒரு பெண் வரிசையாக வந்து தாள்களை வாங்கினாள். வாங்குவார்கள் என்பதை நான் கழிப்பறையில் இருந்தபோது சொல்லியிருக்கிறார்கள். எனக்குப் பின்னாலும் ஆட்கள் தாளை நீட்டிக்கொண்டிருந்தார்கள். கொடுத்துவிட்டேன்.

ஏற்பாடு செய்த தமிழ் அதிகாரியைத் தேடிப் போய், தாளில் கொஞ்சம் திருத்த வேண்டும் என்றேன்.

"பயிற்சிதானே டீச்சர். மார்க்கெல்லாம் கிடையாது லா," என்று சிரித்தார்.

"அதுக்கில்ல சார். நான் எழுதினது வேற அர்த்தத்துல..."

"சும்மா ரிப்போர்ட்டுக்குத்தான். போய்ச் சாப்பிடுங்க, இறால் முடியப்போவுது."

வீட்டுக்கு வந்ததும் அக்கா என் மகளைக் கையில் கொடுத்துவிட்டுக் கேலியாகக் கேட்டாள். "ரெண்டு நாளா என்ன படிச்சுட்டு வந்தீங்க டீச்சரம்மா?"

"பாதுகாப்பு பத்தி."

"ரோட்டக் கடக்குறதா? அத இந்தத் தாமான்ல மோட்டார் ஓட்டுற பயலுவளுக்குச் சொல்லிக் குடுக்கச் சொல்லு."

நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்பைப் பற்றிப் பிறகு நிறைய யோசித்திருக்கிறேன்.

கணவரிடம் போனில் சொன்னேன். "பேர் எழுதலைல்ல? அப்புறம் என்ன? நீ யோசிச்சே ஒடம்பக் கெடுத்துக்குவ. யார்கிட்டயும் சொல்லாத," என்றார். பெயர் எழுதவில்லைதான். ஆனால் என் பெயர் மேலே இருக்கிறது. என் பக்கத்து வீடு எது என்று கண்டுபிடிக்க எவ்வளவு நேரமாகும்? வரிசையில் எங்களுடையதுதான் கடைசி வீடு. பக்கத்து வீடு என்றால் ஒன்றே ஒன்றுதான்.

ஏழு வாரம் ஒன்றும் நடக்கவில்லை. தெருவில் புதுக் கார் நின்றால் எண்ணைப் பார்ப்பேன். பிறகு அதையும் விட்டுவிட்டேன். அப்படி விட்ட வாரத்தில்தான் ஒரு மதியம் அக்கா என் மகளை இடுப்பில் வைத்துக்கொண்டு பள்ளி வாசலுக்கே வந்தாள். வெயிலில் நடந்து வந்திருந்தாள்.

"சாதா உடுப்புல ரெண்டு பேரு வந்தாஹ. போலீஸாம். மரியாதையாத்தான் பேசுனாஹ. எங்க வூட்டு டிவிய ஏன் குடுத்தீங்கன்னு கேக்குறாஹ! டிவி போனது அவங்களுக்கு எப்படித் தெரியும்? செவ்வாய்க்கிழமை எங்க வூட்டுக்காரஹளச் சிரம்பானுக்கு வரச் சொல்லிட்டாஹ. என் பாஸ் வேற அடுத்த மாசம் முடியுது."

அவளை வேலி ஓரத்து நிழலுக்குக் கூட்டிப்போனேன்.

"கடையில ரொட்டி போடுறவன் இருக்கானே, அவன்தான். அவனுக்கும் இவுஹளுக்கும் ஆகாது. அவன் நல்லா இருப்பானா? சாயந்தரம் போய் மூஞ்சிக்கு நேரா கேக்கப்போறேன்."

அந்த ரொட்டிக்காரரை எனக்குத் தெரியாது. அவர் மட்டும் குறுக்கே வராமல் இருந்திருந்தால் நான் சொல்லியிருப்பேனா? சொல்லியிருப்பேன் என்று நினைக்க ஆசைதான்.

"அக்கா, அவர் இல்ல. நான்."

பள்ளி வேலி ஓரம் நின்று எல்லாவற்றையும் சொன்னேன், பட்டியல், ஏழு சரி, பாதி தூக்கிய கை. மகள் அக்காவின் காதைப் பிடித்து இழுத்துக்கொண்டிருந்தாள்.

"என்னப் பத்தியும் எழுதுனியா?"

"இல்லக்கா. உங்களப் பத்தி ஒண்ணும் எழுதல."

"அவுஹளுக்கு ஒண்ணுன்னா நான் நாளைக்கே ஊருக்குப் போவணும். அது தெரியாதா ஒனக்கு? நீ படிச்சவதானே?"

மகளை மறு இடுப்புக்கு மாற்றிக்கொண்டு, "செவ்வாக்கிழம நீயும் வா. இப்ப எங்கிட்ட சொன்னத அங்க வந்து சொல்லு," என்றாள்.

கணவர் வேண்டாம் என்றார். அரசாங்க வேலை, நம் பெயரும் கோப்பில் ஏறும் என்றார். அவர் சொன்னதில் தவறில்லை. நான் விடுப்பு எடுத்தேன். மலாய் மொழியில் இரண்டு பக்கக் கடிதம் எழுதினேன், மூன்று முறை திருத்தி. மருத்துவமனைக்குக் கொண்டுபோனது வரை எழுதினேன். காரில் பின்னிருக்கையில் நானும் மகளும் உட்கார்ந்தோம். அண்ணன் ஓட்டினார், அக்கா முன்னால் இருந்தாள்.

அண்ணனை உள்ளே அழைத்துப்போனார்கள். என் கடிதத்தை இளம் அதிகாரி ஒருவர் நின்றுகொண்டே படித்தார். நன்றாக எழுதியிருக்கிறீர்கள் டீச்சர் என்றார். முதலில் எழுதியதும் நீங்கள், இப்போது எழுதியதும் நீங்கள், இரண்டையும் சேர்த்தே வைத்துக்கொள்கிறோம் என்றார். மரியாதையாகத்தான் சொன்னார். முத்திரை குத்தி உள்ளே எடுத்துப்போனார். கோப்பு இரண்டு பக்கம் தடித்ததைத் தவிர நான் என்ன செய்தேன் என்று எனக்குத் தெரியவில்லை.

மூன்று மணி நேரம் கழித்து அண்ணன் வெளியே வந்தார். "ஒண்ணுமில்ல டீச்சர். டீ குடுத்தாங்க. தண்ணியா இருந்துச்சு," என்றார். அக்கா சிரிக்கவில்லை. மறுபடியும் கூப்பிட்டாலும் கூப்பிடுவோம் என்று சொல்லியிருக்கிறார்கள். அக்காவின் பாஸ் வழக்கத்தைவிடத் தாமதமாக, அந்த ஒரு முறைக்குப் புதுப்பித்துக் கிடைத்தது. என் கடிதத்தால் கிடைத்ததா, கடிதத்தால் தாமதமானதா என்று யாரிடம் கேட்பது?

மகளைப் பார்த்துக்கொள்ள மாட்டேன் என்று அக்கா சொல்லவில்லை. சொல்லியிருந்தால் எனக்கு எளிதாக இருந்திருக்கும். காலையில் மகளை வாசல் கேட்டிலேயே வாங்கிக்கொள்வாள், மதியம் அங்கேயே திருப்பிக் கொடுப்பாள். துணி துவைத்து மடித்திருக்கும். தலை வாரியிருக்கும். நான் போகும்போது தன் அம்மாவோடு போனில் பேசிக்கொண்டிருந்தால், "அப்புறம் பேசுறேம்மா," என்று வைத்துவிடுவாள். யார் வந்தார்கள், யார் போனார்கள், என்ன சமைத்தாள், எதுவும் என் காதில் விழாது. அது சரிதான். எந்தப் பேச்சு எந்தத் தாளுக்குப் போகும் என்று அவளுக்கு எப்படித் தெரியும்?

ஒரு சனிக்கிழமை நான் சமையலறையில் இருந்தேன். மகள் நாற்காலியை விட்டுவிட்டு, கையை விரித்துக்கொண்டு, அடுப்படி வரை தடுமாறாமல் நடந்து வந்தாள். எட்டடி இருக்கும். முதல் நடை மாதிரி இல்லை அது. அவளைத் தூக்கிக்கொண்டு வெளியே ஓடினேன். அக்கா துணி உலர்த்திக்கொண்டிருந்தாள்.

"அக்கா, இவ நடக்குறா!"

"ஆமா."

"எப்பலேருந்து?"

"போன வாரம் திங்கக்கிழமைலேருந்து டீச்சர்," என்றாள். அடுத்த துணியை உதறி, கொடியில் போட்டாள்.