வேலுச்சாமியிடம் மட்டும் சொல்லாத காரணம்

ஒரு மனிதரின் நோய்க்கு என்ன காரணம் என்பது எனக்குத் தெரியும். தெரிந்தே அவரிடம் பொய் சொன்னேன். நான் ஒரு மருத்துவர். என் கணிப்பு தவறிவிட்டது என்று எண்ணி என்னை மன்னித்துவிடாதீர்கள்... கணிப்பு சரியாகத்தான் இருந்தது!

எழுபதுகளின் பிற்பகுதி அது. நோய்கள் ஏன் வருகின்றன என்று ஆராயும் மேற்படிப்பில் இருந்தேன். ஆய்வுக்கு நான் பிறந்து வளர்ந்த கொச்சியின் மட்டாஞ்சேரியையே எடுத்துக்கொண்டேன். எங்கள் குடும்பம் தாத்தா காலத்தில் தமிழ்நாட்டிலிருந்து வந்தது; அப்பாவுக்கு நகராட்சியில் துப்புரவு வேலை. கடைவீதியின் சுக்குக் கிடங்குகளில் வேலை செய்கிறவர்களுக்கு ஏன் இத்தனை இழுப்பு வருகிறது? இதுதான் என் கேள்வி. வாரம் ஒருநாள் கிடங்கின் முன்னறையில் உட்கார்ந்து ஒவ்வொருவர் நெஞ்சையும் சோதிப்பேன்.

அங்கேதான் வேலுச்சாமி வந்தார். போடிக்காரர். மூட்டை தூக்குபவர்.

"ஸ்வாசம் நல்லா வலிச்சு விடணும்," என்றேன்.

அவர் சிரித்தார். சிரிப்பு இருமலில் போய் முடிந்தது. "இது என்ன தமிழு டாக்டரம்மா? பாதி எனக்குப் புரியுது, மீதி இங்க உள்ள சேட்டன்மாருக்குத்தான் புரியும்!"

என் தமிழைக் கேலி செய்தவர்கள் உண்டு. இப்படி யாரும் சிரித்ததில்லை. அன்றிலிருந்து அந்த ஒரு நாளுக்காகவே என் வாரம் நகர்ந்தது... இதற்குமேல் உங்களுக்கு விளக்க வேண்டுமா?

பொங்கலுக்கு ஊருக்குப் போய் வந்த வேலுச்சாமியின் நெஞ்சு சுத்தமாக இருந்தது. திரும்பவும் கிடங்கில் மூட்டை தூக்கத் தொடங்கியதும் அதே விசில் சத்தம்! மற்றவர்களையும் விசாரித்தேன். ஞாயிற்றுக்கிழமை நன்றாக இருப்பவர்களுக்குத் திங்களன்று மூச்சு முட்டியது. சுக்கை வெளுப்பாக்கத் தூவும் சுண்ணாம்பும் சுக்குத் தூசியும் சேர்ந்துதான் அவர்கள் மூச்சை அடைத்தன. எனக்கு அதைக் காட்டிக்கொடுத்தது அவருடைய நெஞ்சு.

எல்லோரையும் அழைத்துச் சொன்னேன். முகத்தில் துணி கட்டுங்கள், முடிந்தால் வேறு வேலைக்குப் போய்விடுங்கள் என்றேன். அவரிடம் மட்டும் சொல்லவில்லை.

ஏன்? ஒருமுறை அவர் சொல்லியிருந்தார்: "அண்ணன் மாந்தோப்பைப் பாத்துக்க வந்துருன்னு கூப்பிட்டுக்கிட்டே இருக்காரு. இந்த வேலைதான் ஒத்துக்கலைன்னு தெரிஞ்சா நாளைக்கே பஸ் ஏறிருவேன்."

அந்தப் பேருந்தை நினைத்தே பயந்தேன்.

ஒருநாள் அவரே கேட்டார். "எல்லாருக்கும் தூசிதான் காரணம்னு சொன்னீங்களாமே. எனக்கும் அதானா?"

"உங்க அச்சனுக்கு இழுப்பு உண்டோ?"

"அப்பாவுக்கா? இருமிக்கிட்டேதான் இருப்பாரு. பீடி குடிப்பாரு."

"அப்ப உங்களுக்கு இது பரம்பரையாக்கும். எங்க போனாலும் கூடவே வரும். வாராவாரம் இங்க வந்து காட்டினாப் போதும், கேட்டோ."

"நீங்க சொன்னா சரிதான்," என்றார். நம்பிவிட்டார்! எத்தனை எளிதாக நம்பினார்...

ஆய்வு முடிந்ததும் சொல்லிவிடுவேன் என்று எனக்கு நானே வாக்குக் கொடுத்துக்கொண்டேன். ஆய்வு முடிந்தது, பட்டமும் வந்தது. தூசிதான் காரணம் என்று ஆங்கிலத்தில் அழகாக எழுதியிருந்தேன். அவரிடமோ மாத்திரைகளை மட்டும் கொடுத்தேன். அவர் வாயிலிருந்து ஒரு வார்த்தை வரும் என்று காத்திருந்தேன். வருடங்கள் போயின. அவரால் மூட்டையே தூக்க முடியாமல் போயிற்று.

ஊருக்குக் கிளம்பிய மாலையில் படகுத்துறையில் நின்று அந்த வார்த்தையைச் சொன்னார்.

"ஒண்ணு சொல்றேன், கோவிச்சுக்கக் கூடாது. உங்ககிட்ட ஒண்ணு கேக்கணும்னு ரொம்ப நாளா மனசுல இருந்துச்சு. ஆனா பரம்பரை வியாதின்னா பிள்ளைகளுக்கும் போகும்ல... அதான் கேக்காமலே போறேன்."

என் முகத்தைப் பார்க்காமல் படகில் ஏறினார். நான் சொன்னது பொய் என்று கத்தியிருக்கலாம். ஏன் கத்தவில்லை? அவரை இழந்துவிடுவேன் என்றா? அவர்தான் போய்க்கொண்டிருந்தாரே! அவர் கண்ணில் கெட்டவளாகிவிடக் கூடாது என்ற ஆசை... அவ்வளவுதான். அதுதான் உண்மை.

எண்பதுகளின் நடுவில், சொல்லியே தீருவது என்று போடிக்குப் போனேன். தோப்பின் ஓரத்து வீட்டு வாசலில் கயிற்றுக்கட்டிலில் உட்கார்ந்திருந்தார். எழுந்து நின்றதற்கே மூச்சு வாங்கியது. தொடக்கத்திலேயே அந்தக் கிடங்கை விட்டிருந்தால் ஆறியிருக்கக்கூடிய நெஞ்சு!

"மதினி, நான் சொல்வேன்ல, கொச்சி டாக்டரம்மா, இவங்கதான்!" என்று அண்ணன் மனைவியைக் கூப்பிட்டார். அந்த அம்மாள் காப்பி கொண்டுவந்து வைத்தார். "எத்தனையோ பொண்ணு பாத்தோம். ஒண்ணுக்கும் சம்மதிக்கலை," என்று முறையிட்டுவிட்டு உள்ளே போனார்.

வேலுச்சாமி குரலைத் தாழ்த்திக்கொண்டார். "ஒரு பிள்ளைய பெத்து அதையும் இப்படி மூச்சுக்குத் தவிக்க விடணுமா? நான் செஞ்சது சரிதானே டாக்டரம்மா?"

இல்லை என்றால், அவர் வாழாமல் விட்ட வாழ்க்கை முழுவதும் என் பொய்யால் போனது என்று அவருக்குத் தெரிந்துவிடும். எதை நம்பி அவர் இனி மூச்சு விடுவார்?... பாருங்கள், இப்போதும் அவருக்காகப் பரிவதுபோல் பேசுகிறேன்! எனக்காகத்தான் பயந்தேன்.

"சரிதான்," என்றேன்.

அவர் முகம் தெளிந்தது. அந்தத் தெளிவை என்னால் பார்க்க முடியவில்லை.

அவர் இருக்கிறார். இன்றும் போய்ச் சொல்லலாம். ஒவ்வொரு முறையும் கிளம்ப நினைக்கும்போது அவரைப் பார்க்க வேண்டும் என்ற ஏக்கம்தான் முந்துகிறது... சொல்ல வேண்டிய வார்த்தை வருவதில்லை.