எல்லை தாண்டி வந்த சிரிப்பு

நேற்று மத்தியானம், சிங்கப்பூர் எல்லைக்கு இந்தப் பக்கம் பெர்மாஸ் ஜெயாவில் ஒரு வாழையிலைச் சாப்பாட்டுக் கடையில், தனியாக உட்கார்ந்திருந்த நான் திடீரென்று சத்தம் போட்டுச் சிரித்துவிட்டேன். பக்கத்து மேசைக்காரர் பரிமாற வந்த பெண்ணிடம், "காரம் கம்மியா போடுங்க, எனக்கு ஒத்துக்காது" என்று சொன்னதுதான் காரணம். இதில் என்ன வேடிக்கை என்று நீங்கள் கேட்பீர்கள். அந்த மனிதரும் அப்படித்தான் என்னைப் பார்த்தார். ஜெகா அண்ணனைப் பற்றிச் சொன்னால்தான் இது விளங்கும்.

சிங்கப்பூரில் ஒரு தொழிற்சாலையில் நான் வேலைக்குச் சேர்ந்த புதிது. விடிவதற்கு முன்னே கம்பெனி பஸ் எல்லைக்கு இந்தப் பக்கம் வந்து எங்களை ஏற்றிக்கொள்ளும். பஸ் முழுக்கத் தலைவலித் தைல வாசனையும் தூக்கமும். ரெங்கம் பக்கத்து ரப்பர் தோட்டத்தில் பிறந்த ஜெகா அண்ணன், அதே தொழிற்சாலையில் சரக்குப் பெட்டிகளைச் சரிபார்ப்பவர். அது வயிற்றுக்கு. மற்றபடி அவர் தொலைக்காட்சிப் படங்களுக்குக் கதை வசனம் எழுதுகிறவர்.

மூன்று படங்கள் வந்தன. ஒன்றில் ஒருவர் தன் பசுமாட்டுக்கு அடையாள அட்டை கேட்டுப் பதிவு அலுவலகத்துக்கு நடையாய் நடப்பார். இன்னொன்றில் இரண்டு கல்யாண வீட்டார் ஒரே மண்டபத்தை ஒரே நாளில் பிடித்துவிட்டு, சண்டை போட வெட்கப்பட்டு, ஒரே மேளத்தில் இரண்டு தாலியையும் கட்டி முடிப்பார்கள். மூன்றாவது எனக்கே புரியவில்லை. அவரிடம் அதைச் சொன்னதில்லை. எல்லாவற்றையும் ஆள் பார்க்காத நேரத்தில்தான் போட்டார்கள். அவர் பெயர் திரையில் ஓடும் வேகத்துக்கு, தும்மினால் தவறிவிடும்.

எழுதியதை அவர் பஸ்ஸில்தான் சோதிப்பார். சிங்கப்பூருக்குள் போகும் எல்லைப் பாலத்தை நெருங்கும்போது நெரிசலில் பஸ் நின்றுவிடும். அப்போது ஒரு காட்சியை வாசிப்பார். எல்லாரும் உடனே சிரித்தால் சிவப்புப் பென்சிலால் குறுக்கே ஒரு கோடு. அந்தக் காட்சி செத்தது. "எல்லாரும் சிரிக்கிறாங்கன்னா அது பழைய ஜோக்கு லா. சிரிப்பு பார்டர் தாண்டி வரணும்" என்பார். பாஸ்போர்ட்டைக் காட்டிவிட்டு அந்தப் பக்கம் மறுபடி பஸ் ஏறும்போது யாராவது தனக்குத்தானே சிரித்தால் ஒரு சரி போடுவார். அந்த யாரோ பெரும்பாலும் நான்தான். எனக்கு எதுவும் தாமதமாகத்தான் மண்டையில் ஏறும். பள்ளிக்கூடத்தில் திட்டு வாங்கித் தந்த புத்தி, அவரிடம் மட்டும் எனக்கு மரியாதை வாங்கித் தந்தது. "தங்கச்சி சிரிச்சிருச்சு, காட்சி பாஸ்!" என்று பஸ்ஸுக்கே அறிவிப்பார்.

நாலாவது கதையை எழுதும்போது அவருக்கு நுரையீரலில் நோய் வந்தது. வேலைக்கு வருவது நின்றது. கோலாலம்பூரில் ஒரு தயாரிப்பாளர் மாதக் கடைசிக்குள் கதையைக் கேட்டிருந்தார். இது ஒன்று வந்துவிட்டால் போதும் என்று இருந்தார் அண்ணன். "நான் பஸ்ஸுக்கு வர முடியாது, பஸ் இங்க வரட்டும்" என்று சொல்லியனுப்ப, ஒரு ஞாயிற்றுக்கிழமை நாங்கள் ஐந்து பேர் அவர் வீட்டுக்குப் போனோம்.

வாசலில் செருப்பைக் கழற்றும்போது ஜன்னல் வழியாக அவரைப் பார்த்தேன். பாதி ஆள்தான் இருந்தார். நான்தான் சொன்னேன்: "அண்ணன் எதைப் படிச்சாலும் சிரிச்சிடணும், சரியா?" எல்லாரும் சிரித்தால் சிவப்புக் கோடு என்ற அவருடைய விதி எங்களுக்குத் தெரியாததா? அந்த முகம் கொஞ்சம் மலர்ந்தால் போதும் என்ற ஆசையில் எல்லாம் மறந்துபோயிற்று.

சாகப்போகிற ஒருவர், தன்னுடைய பதினாறாம் நாள் சாப்பாட்டைச் சமையல்காரரிடம் தானே போய்ச் சொல்லிவைக்கிற கதை. தன்னைத்தான் எழுதியிருக்கிறார் என்று கேட்டதுமே எங்களுக்குப் புரிந்தது. அதனால் இன்னும் பலமாகச் சிரித்தோம். நான் வார்த்தைகளைக் கவனிக்கவே இல்லை; அவர் மூச்சு வாங்க நிறுத்திய இடத்தில் எல்லாம் சிரித்தேன். கதைத் தாள்களை மார்பில் சாய்த்து வைத்திருந்ததால் பென்சில் ஓடியது யாருக்கும் தெரியவில்லை.

முடித்ததும் என்னைப் பார்த்தார். "நீயுமா தங்கச்சி? நீ பார்டர் தாண்டித்தானே சிரிப்ப?" தாள்களைத் திருப்பிக் காட்டினார். பக்கத்துக்குப் பக்கம் சிவப்புக் கோடு. "பரவால்ல லா. வேற எழுதிக்கலாம்."

'இல்லண்ணே, நாங்க பேசி வச்சுக்கிட்டுச் சிரிச்சோம்' என்று சொல்லியிருக்கலாம். ஏன் என்று கேட்டிருப்பார். அதற்கு என்னிடம் இருந்த பதிலை அவர் முகத்துக்கு நேரே சொல்ல எனக்குத் துணிவில்லை. அண்ணி கொடுத்த காப்பியைக் குடித்துவிட்டு எழுந்து வந்தோம்.

வேறு எழுத அவருக்கு நாள் கிடைக்கவில்லை. மூன்று வாரம்தான். கோடு போட்டதை யாருக்கும் அனுப்பக் கூடாது என்று அண்ணியிடம் சொல்லிவிட்டுப் போனாராம். இரக்கப்பட்டு அந்தக் கதையை நான் கொன்றேன். இத்தனை வருஷமாக யாரிடமும் இதைச் சொன்னதில்லை.

இப்போது அந்தக் கம்பெனி பஸ் இல்லை. அந்த மூன்று படங்களும் யாரிடமும் இல்லை, தேடிப் பார்த்துவிட்டேன். நாலாவது கதையில் எனக்கு மிஞ்சியது ஒரே ஒரு இடம். சமையல்காரர் கேட்கிறார்: "குழம்பு எப்படி வேணும்?" சாகப்போகிறவர் யோசித்துச் சொல்கிறார்: "காரம் கம்மியா போடுங்க, எனக்கு ஒத்துக்காது."

தான் இருக்கப்போகாத பந்திக்கு! அன்று காதில் விழுந்தது. மண்டையில் ஏறியது நேற்றுத்தான். சிரித்து முடித்ததும் பழக்கத்தில் பக்கத்து நாற்காலியைத் திரும்பிப் பார்த்தேன், சரி போடுகிறாரா என்று.

கண்ணைத் துடைத்துக்கொண்டு, துக்க வீட்டில் மடிப்பதுபோல் இலையை வெளிப்பக்கமாக மடித்தேன். எடுக்க வந்த பெண் பதறிவிட்டாள். "ஏங்க்கா, சாப்பாடு பிடிக்கலியா?"

"நல்லாத்தான் இருந்துச்சும்மா. அவருக்குத்தான் காரம் கொஞ்சம் ஜாஸ்தி" என்றேன்.