குட்மேய்ஸ் குசினிச் சுவர்

எனக்கு ஒரு இடத்தில இருக்கேலாது. பின்லாந்துச் சினிமாவில இத்தனை வருஷம் செட் போட்டுப் பிழைச்சதும் அதாலதான். ஒரு அறையைக் கட்டு, பழசாக்கு, படம் எடுத்து முடிய இடிச்சுத் தள்ளு, அடுத்ததுக்கு ஓடு. புதுச் சுவரில தேத்தண்ணி ஒத்தி, கரி தேய்ச்சு, கனகாலம் ஆக்கள் சீவிச்ச சுவராக்கிறதுதான் என்ர வேலை. அதை ஒருத்தன் செய்தவன் எண்டு பார்க்கிற சனத்துக்குத் தெரிஞ்சா வேலை பிழை.

அந்தப் படத்திலதான் முதல்முறையா கலைப்பகுதி முழுக்க என்ர பொறுப்பில வந்தது. லண்டனில ஒரு தமிழ் வீட்டில வாடகைக்கு இருக்கிற பின்லாந்து நேர்ஸின்ர கதை. டைரக்டருக்கு நான் காட்டின எந்த வீடும் பிடிக்கேல்லை. கடைசியா லண்டன் குட்மேய்ஸில இருக்கிற என்ர அக்காவின்ர குசினியைப் போட்டோ எடுத்து அனுப்பினன். அடுப்புக்குப் பின்னால எண்ணெய் படிஞ்ச மஞ்சள் சுவர், கை பட்டுக் கறுத்த சுவிட்ச். "இதுதான்" எண்டு உடன பதில் வந்தது. இந்தச் சுவரும் சரிவராட்டி அடுத்த படத்துக்கு என்னைக் கூப்பிடப்போறது ஆர்?

படப்பிடிப்பு அண்டைக்கு விடியவே போய் பெல் அடிச்சன். அக்கா பட்டுச்சீலையோட கதவைத் திறந்தா. பெயின்ட் மணம் மூக்கில அடிச்சுது. குசினி முழுக்கப் பால்வெள்ளை. புது சுவிட்ச். ஜன்னலில பிளாஸ்டிக் பூ. அவவும் அத்தானும் சனி, ஞாயிறு முழுக்க நிண்டு அடிச்சிருக்கினம்.

"சினிமாக்காரர் வருகினம், மானம் போகக்கூடாதெல்லோ" எண்டா.

எனக்குச் சரியான விசர் வந்தது, அதை ஆரில காட்டுறது? டைரக்டர் வர இன்னும் ஒரு மணித்தியாலம்தான். கேத்திலைப் போட்டுக் கடுந்தேத்தண்ணி ஊத்தினன். ஸ்பொஞ்சை அதில நனைச்சுச் சுவரில வைக்கப் போக, அக்கா கையைப் பிடிச்சா.

"என்ன செய்யிறாய்?"

"முந்தி இருந்த மாதிரி ஆக்கிறன் அக்கா. அவருக்கு அதுதான் பிடிச்சது."

"அப்ப நீ அண்டைக்கு எடுத்து அனுப்பினது எங்கட ஊத்தையையோ?"

"ஊத்தை இல்லை அக்கா, வடிவு." சொல்லேக்கையே எனக்கு வெக்கமாய்க் கிடந்தது.

அவ என்ர கையை விட்டா. மேல போய்ச் சீலையைக் கழட்டிப்போட்டு, பழைய ஹவுஸ்கோட்டோட இறங்கி வந்தா. தாச்சியை அடுப்பில வைச்சு எண்ணெயை ஊத்தி, மஞ்சள் பிரட்டின மீனை ஈரத்தோட தூக்கிப் போட்டா. மூடியும் போடேல்லை. எண்ணெய் வெடிச்சுப் புதுச்சுவர் முழுக்கத் தெறிச்சுது. நிப்பாட்டுங்கோ எண்டு சொல்ல எனக்கு வாய் வரேல்லை, அந்தச் சுவர் எனக்கு வேணும். வாசலுக்கும் அடுப்புக்குமா நடந்துகொண்டிருந்தன்.

டைரக்டர் வந்தார். கனக்கக் கதைக்காத மனுசன். சுவரையும் அக்காவையும் மாறி மாறிப் பார்த்திட்டு, வீடு நல்ல அழகு எண்டு இங்கிலிஷில அவவுக்குச் சொன்னார்.

அக்காவுக்கு இங்கிலிஷ் விளங்கும். மீனைப் புரட்டிக்கொண்டு தமிழில எனக்குத்தான் சொன்னா: "அவரிட்டச் சொல்லு, நேற்று வந்து பார்த்திருக்கவேணும் எண்டு."

என்ன சொல்லுறா எண்டு அவர் கேட்டார். சந்தோஷமாம் எண்டன்.